பொன்னாடை போர்த்திய கழனி

மரியசுந்தரம் தம் ஐம்பத்தாறு வயதில் ஒரே ஒரு முறைதான் பொன்னாடை வாங்கினார். அந்த ஒன்றே ஏழு தலைமுறைக்குப் போதும் என்கிறார். ஊரில் அவனவன் ஒரு துண்டுக்காக மேடைக்குக் கீழே நின்று முண்டியடிக்கிறான். இவருக்கோ அது கழனியைத் தேடி வந்தது.

நான் வில்லியனூரில் ஜெராக்ஸ் கடை வைத்து, கூடவே மனு எழுதிக் கொடுப்பவன். இருபத்திரண்டு வருடமாக எழுதுகிறேன். என் மனுவுக்குப் பதில் வரவில்லை என்று யாரும் குறை சொல்ல முடியாது. ‘தங்கள் மனு பரிசீலனையில் உள்ளது’ என்று எல்லாவற்றுக்கும் பதில் வந்திருக்கிறது. மரியசுந்தரத்துக்கு மட்டும் பதினாறு நாளில் பதினான்கு மனு எழுதினேன். இரண்டு ஞாயிறு அவர் பூசைக்குப் போய்விட்டார், இல்லையென்றால் பதினாறு ஆகியிருக்கும். அந்த வயிற்றெரிச்சலில் எழுதும் பதினைந்தாவது மனு இது. இதற்கு மேல் யாருக்கு அனுப்புவது என்று தெரியாததால் உங்களுக்கு அனுப்புகிறேன்.

உறுவையாற்றில் ரோட்டை ஒட்டி மரியசுந்தரத்துக்கு ஒன்றரைக் காணி இருக்கிறது. ஒரு போர்வெல், ஒரு மோட்டார், வரப்போரம் ஒரு பெரிய வேப்பமரம். அந்த மரம்தான் வினை.

போன ஏப்ரலில் ‘உறுவையாறு பெருந்தொழில் வளாகம்’ என்று ஒன்றை அறிவித்தார்கள். அறிவித்தது தொழில் எழுச்சி வழிகாட்டு மையம். கட்டப்போகிறவர் தொழிலதிபர் கலைவேந்தன். சாராயக்கடை ஏலத்தில் தொடங்கி, பொறியியல் கல்லூரியில் கரையேறி, இப்போது வளர்ச்சிக்கு வந்து சேர்ந்திருப்பவர். வளாகத்துக்கென்று அவர் தம்முடைய முப்பது காணியைக் காட்டியிருந்தார். அது ரோட்டிலிருந்து முக்கால் கிலோமீட்டர் உள்ளே, முள்ளுக்காட்டுக்கு நடுவில் இருந்தது. அடிக்கல் நாட்டு விழாவுக்கு முதல் நாள் பந்தல்காரர் இடம் பார்க்கப் போனார். அங்கே அமைச்சர் காரைத் திருப்ப இடமில்லை. நிழலும் இல்லை. திரும்பி வரும் வழியில் வேப்பமரத்தையும், நவரைப் பட்டத்து நெல்லை அறுத்துக் காலியாகக் கிடந்த மரியசுந்தரத்தின் கழனியையும் பார்த்தார்.

“பெரியவரே, ஒரு நாள் பந்தல் போட்டுக்கிறோம். காலைல போடறோம், சாயங்காலம் பிரிச்சிடறோம். கல்ல மட்டும் அப்பால வந்து எடுத்துக்கிறோம்” என்றார்.

அறுத்த கழனியில் பந்தல் போடக் கேட்டால் இல்லை என்று சொல்வது எங்கள் பக்கம் வழக்கமில்லை. காதுகுத்தோ, கல்யாணமோ, மாதா கோயில் திருவிழாவோ, யார் கேட்டாலும் ‘போட்டுக்கப்பா’ என்பதுதான் பேச்சு. வாடகை கேட்பது கேவலம். மரியசுந்தரமும் போட்டுக்கச் சொல்லிவிட்டு, வந்தவர்களுக்குக் குடிக்கத் தண்ணீரும் எடுத்து வைத்தார்.

விழா சிறப்பாக நடந்தது. அமைச்சர் பேசினார்: “நான் இதுவரைக்கும் முப்பத்தேழு அடிக்கல் நாட்டியிருக்கிறேன். எதிர்க்கட்சி நண்பர்களுக்குச் சவால் விடுகிறேன். ஒரு கல்லாவது இடம் மாறியிருக்கிறதா? வைத்த இடத்தில் வைத்தபடியே இருக்கின்றன!”

கைத்தட்டல் அடங்கக் கொஞ்ச நேரம் ஆனது. அடுத்து கலைவேந்தன் எழுந்தார். “இந்த ஆலையில என்ன தயாரிக்கப் போறீங்கன்னு சில பேர் கேக்கறாங்க. சின்னச் சின்னப் பொருளெல்லாம் தயாரிக்கிறவன் நான் இல்லை. நான் வளர்ச்சியைத் தயாரிக்கிறவன்” என்றார்.

யாரோ ஒருவர் மைக்கில் “இடம் அளித்த உழவர் பெருமகன்” என்று மரியசுந்தரத்தைக் கூப்பிட்டார். அவர் வேட்டியை இறக்கிவிட்டுக்கொண்டு ஓடினார். அமைச்சர் சரிகை போட்ட பொன்னாடையைப் போர்த்த, இவர் குனிந்து கும்பிட, போட்டோக்காரர் மூன்று முறை எடுத்தார். வீட்டுக்கு வந்ததும் அன்னாமேரி அந்தச் சால்வையைத் தையல் மிஷினுக்கு உறையாகப் போட்டுவிட்டாள்.

கல்லை எடுக்க யாரும் வரவில்லை. மே மாதம் மரியசுந்தரம் கல்லைச் சுற்றி நாற்று நட்டார். அன்னாமேரி அதில் அரிவாள் தீட்டிக்கொண்டாள். கருங்கல் நல்ல தரம் என்று அவளே சொன்னாள்.

ஜூலையில் கதிர் வெளியே வந்த நேரம், ஒரு திங்கட்கிழமை காலை, லைன்மேன் லூர்து பிரகாஷ் ஏணியோடு வந்தான். ஒரே மாதா கோயில் பங்கைச் சேர்ந்தவன், மரியசுந்தரத்துக்கு மருமகன் முறை.

“மாமா, தப்பா நெனைக்காத. உன் மோட்டார் லைன கட் பண்ணச் சொல்லி ஆர்டர் வந்துகீது.”

“இன்னாடா சொல்ற? நான் இன்னா தப்பு பண்ணேன்?”

“தப்பு ஒண்ணியும் இல்ல மாமா. நீ கம்பெனி ஆயிட்ட.”

விவசாய மின்சாரம் விவசாய நிலத்துக்குத்தான். மையம் அனுப்பிய புது வரைபடத்தில் மரியசுந்தரத்தின் கழனி தொழில் நிலம். தொழில் நிலத்துக்குப் பதினோராயிரம் வோல்ட் லைன் எப்போதோ சாங்ஷன் ஆகிவிட்டது. கம்பிதான் வரவில்லை.

“பால் புடிக்கிற நேரம்டா. இப்ப தண்ணி நிறுத்தினா பதருதான்டா மிஞ்சும்!”

“எனக்குத் தெரியாதா மாமா? நானும் கயினி வெச்சிருக்கறவன்தான். மையத்துல போயி பேசு. உன் கையால ஒரு கடுதாசி குடு” என்று சொல்லிக்கொண்டே லூர்து பிரகாஷ் கம்பியை அவிழ்த்தான். இறங்கும்போது அவன் முகத்தைப் பார்க்கச் சகிக்கவில்லை என்று மரியசுந்தரமே சொன்னார்.

பக்கத்துக் கழனி அருள்முருகனுடையது. அவரும் சின்ன விவசாயிதான், அவர் போரில் தண்ணீர் கொழிக்கவில்லை. இருந்தும், “நாலு நாளைக்கி ஒரு தாட்டி என் தண்ணிய திருப்பி வுட்டுக்கடா மரியா. அதுக்குள்ள உன் கரண்ட்ட வாங்கிக்கினு வா” என்றார். பயிர் சாகாமல் கிடந்தது அந்தப் புண்ணியத்தில்தான். ஆனால் சாகாமல் கிடப்பதற்கும் மணி பிடிப்பதற்கும் வித்தியாசம் உண்டு.

மனுவை எழுதிக்கொண்டு நானும் அவரோடு மையத்துக்குப் போனேன். ஏ.சி. போட்ட கட்டடம். வாசலில் டோக்கன் மிஷின் இருந்தது. அதில் இரண்டு பொத்தான்கள்: ‘முதலீட்டாளர்’, ‘முதலீட்டாளராக விரும்புபவர்’. விவசாயி என்று எதுவும் இல்லை. முதல் பொத்தானை அமுக்கினேன். உடனே ஒருவர் காபி கொண்டுவந்து கொடுத்தார். இருபத்திரண்டு வருடத்தில் ஒரு அலுவலகத்தில் எனக்குக் கிடைத்த முதல் காபி அது.

முகப்பு மேசையில் இளவரசி என்ற பெண் இருந்தாள். நெஞ்சில் ‘மகிழ்ச்சி அலுவலர்’ என்று பட்டை குத்தியிருந்தாள்.

“சார் எந்த செக்டார்?” என்று கேட்டாள்.

“நெல்லும்மா” என்றார் மரியசுந்தரம்.

“ஃபுட் ப்ராசஸிங்” என்று தட்டிக்கொண்டாள். “எத்தனை வருஷ அனுபவம்?”

“எங்க தாத்தா காலத்துலேர்ந்து.”

“குடும்ப நிறுவனம்” என்று அதையும் தட்டினாள்.

இயக்குநர் அரங்கநாதன் உள்ளே கூப்பிட்டார். அவர் முதுகுக்குப் பின்னால் சுவரில் நாலடிக்கு மூன்றடியில் ஒரு போட்டோ மாட்டியிருந்தது. மரியசுந்தரம் குனிந்து பொன்னாடை வாங்கும் காட்சி.

“சார், எங்க கயினிய தப்பா கம்பெனின்னு போட்டுட்டாங்க. கம்பெனி எடம் உள்ள இருக்குது. கல்லு மட்டும்தான் எங்களுதுல இருக்குது” என்றார் மரியசுந்தரம்.

“பாருங்க மிஸ்டர் மரியசுந்தரம்” என்று இயக்குநர் தொடங்கினார். “சர்வே டீம் திட்டம் எங்கேன்னு தேடிட்டுப் போனாங்க. உள்ளே வெறும் முள்ளுதான் இருந்தது. உங்க நிலத்துல கல்லு இருந்தது. கல்லு எங்கயோ திட்டம் அங்கதானே? அளந்துட்டாங்க.”

சர்வே தாளையும் காட்டினார். ஹெக்டேர், ஆர், சென்டியார் என்று எங்கள் ஊரை ஆண்ட பிரெஞ்சுக்காரன் விட்டுப்போன அளவில், வேப்பமரம் உள்பட, அவ்வளவு துல்லியம். தப்பான காரியத்தை இவ்வளவு சுத்தமாகச் செய்து நான் பார்த்ததில்லை.

“அந்த எடத்த பந்தல்காரரு பார்த்தாருங்க. நெழலு இருக்குதேன்னு.”

“நாட்டினது மாண்புமிகு அமைச்சர். அமைச்சர் தப்பான இடத்துல நாட்டிட்டார்னு நான் ஃபைல்ல எழுதணுமா? நீங்க எழுதிக் கொடுக்கறீங்களா?” என்று என்னைப் பார்த்தார். நான் பேனாவை மூடிப் பையில் வைத்துக்கொண்டேன். எனக்கும் கடை இருக்கிறது, கடைக்கு லைசென்ஸ் இருக்கிறது.

“அதுவும் இல்லாம நீங்க ஒப்புதல் கொடுத்திருக்கீங்களே” என்றார்.

“நான் எங்கியும் கையெழுத்துப் போடலீங்க.”

இயக்குநர் நாற்காலியைத் திருப்பிச் சுவரைக் காட்டினார். “கையெழுத்தைப் பொய்யின்னு சொல்லலாம். பொன்னாடையைச் சொல்ல முடியுமா? இடம் அளித்த உழவர்னு மைக்ல சொன்னாங்க. நீங்க மறுக்கலை. குனிஞ்சு வாங்கினீங்க. கும்பிட்டீங்க. இதைவிட என்ன ஒப்புதல் வேணும்?”

மறுநாள் காலை என் கடைக்கு மரியசுந்தரம் ஒரு பையோடு வந்தார். உள்ளே அந்தப் பொன்னாடை. அன்னாமேரி துவைத்து, இஸ்திரி போட்டு, மடித்துக் கொடுத்திருந்தாள்.

“அண்ணே, வாங்குனதுதான தப்பு? திருப்பிக் குடுத்துடலாம். எழுதுங்க” என்றார். எழுதினேன். அது நாலாவது மனு.

மையத்தில் பொன்னாடையை வாங்கிக்கொள்ள ஆள் இல்லை. இளவரசி கம்ப்யூட்டரில் தேடிப் பார்த்துவிட்டு, “சால்வை இன்வேர்டுன்னு ஒரு கட்டமே இல்ல சார்” என்று வருத்தப்பட்டாள். அந்தப் பெண் நிஜமாகவே வருத்தப்பட்டாள் என்றுதான் நினைக்கிறேன். இயக்குநர் விதியை விளக்கினார். போர்த்திய பொன்னாடையைப் போர்த்தியவர்தான் எடுக்க முடியும். எடுப்பதற்கு, போர்த்திய விழாவுக்குக் குறையாத விழா ஒன்று நடக்க வேண்டும். அப்படி ஒரு விழாவுக்கு இதுவரை எந்த அமைச்சரும் தேதி கொடுத்ததில்லை.

திரும்பி வரும் வழியில் புதிதாக ஒரு விளம்பரப் பலகை நின்றது. கலைவேந்தனின் முப்பது காணியில் முள்ளை எல்லாம் வழித்துவிட்டு, வெள்ளைக் கல் ஊன்றி, வாசலில் வளைவு கட்டி, ‘கலை கார்டன்’ என்று போட்டிருந்தார்கள். ‘பெருந்தொழில் வளாகத்திலிருந்து இரண்டே நிமிடம்! வளர்ச்சியின் மடியில் உங்கள் மனை!’ கல் வேறு கழனியில் விழுந்ததால் அவர் நிலம் பிழைத்துக்கொண்டது. பிழைத்தது மட்டுமா, பக்கத்தில் தொழிற்சாலை வருகிறது என்று நாலு மடங்கு விலையும் ஏறிவிட்டது. மரியசுந்தரம் அந்தப் பலகையை ரொம்ப நேரம் படித்தார்.

“இன்னாண்ணே இது? என் கயினிய காட்டி அவுரு எடத்த விக்கறாரா?”

“ஆமாம்” என்றேன். வளர்ச்சி என்றால் என்ன என்று அத்தனை மேடைப் பேச்சிலும் எனக்குப் புரியாதது அந்தப் பலகையில் புரிந்துவிட்டது.

எட்டாவது மனுவுக்கும் ஒன்பதாவது மனுவுக்கும் நடுவில் ஒரு வெள்ளிக்கிழமை, மதிப்பீட்டுக் குழு வந்தது. வளாகத்தில் இருநூற்று நாற்பது பேருக்கு வேலை என்று காகிதத்தில் இருந்தது. அதைச் சரிபார்க்க மூன்று அதிகாரிகள் வந்தார்கள். அவர்களுக்கு ஒரு மணி நேரம் முன்பே மையத்தின் வேன் வந்து நின்றது. அதில் மஞ்சள் ஹெல்மெட்டுகள். அருள்முருகன் பின்பட்டத்தில் நட்டிருந்ததால் அவர் கழனியில் தையலம்மாளும் பத்துப் பெண்களும் களை பறித்துக்கொண்டிருந்தார்கள். எல்லோரையும் கூப்பிட்டு மரியசுந்தரத்தின் வரப்பில் வரிசையாக நிற்க வைத்துத் தலையில் ஹெல்மெட்டைக் கவிழ்த்தார்கள்.

“இத்த மாட்டிக்கினா களை தானா வந்துடுமா?” என்று கேட்டாள் தையலம்மாள்.

“கொஞ்ச நேரம்மா. ஒரு போட்டோ” என்றார் இயக்குநர்.

குழுத் தலைவர் எண்ணிப் பார்த்தார். பதினோரு பேர்தான் இருந்தார்கள். “இருநூற்று நாற்பது என்று போட்டிருக்கிறீர்களே?”

“சார், இது ஒரு ஷிஃப்ட். மூணு ஷிஃப்டுக்கு முப்பத்து மூணு. ஒரு நேரடி வேலைக்கு ஏழு மறைமுக வேலைன்னு எங்க ஆய்வு சொல்லுது. அது இருநூற்று முப்பத்தொண்ணு. மொத்தம் இருநூற்று அறுபத்து நாலு. இலக்கைத் தாண்டிட்டோம் சார்” என்றார் அரங்கநாதன். சொல்லும்போது அவர் குரல் கொஞ்சம் தழுதழுத்தது. அவர் அதை நம்பினார் என்பதுதான் என்னைப் பயமுறுத்தியது.

“கட்டடம் தெரியவில்லையே?” என்றார் இன்னொருவர். கூடவே வந்திருந்த கலைவேந்தன் சிரித்தார். “கட்டடம்னு ஒண்ணு இருந்தாத்தான் சார் அது இடிஞ்சு விழும். என் ஆலையில இதுவரைக்கும் ஒரு விபத்து கிடையாது.”

கடைசியில் தலைவர் மரியசுந்தரத்தைக் கூப்பிட்டு, ஆலையில் ஏதாவது குறை உண்டா என்று கேட்டார். கேட்ட மரியாதைக்காக அவரை மெச்ச வேண்டும்.

“கரண்ட் இல்லீங்க ஐயா. பதினோரு நாளாச்சி. பயிரு சாவுது” என்றார் இவர்.

தலைவர் தலையாட்டிக்கொண்டே எழுதினார். அறிக்கையின் நகல் பிறகு என் கடைக்குத்தான் ஜெராக்ஸுக்கு வந்தது. ‘மின்சாரம் ஒரு யூனிட்கூடப் பயன்படுத்தாமல் இயங்கும் முதல் தொழிற்சாலை. மற்றவர்கள் பின்பற்றத்தக்கது’ என்று இருந்தது.

ஹெல்மெட்டுகளை யாரும் திருப்பிக் கேட்கவில்லை. தையலம்மாள் ஒன்றில் பூண்டுச் செடி நட்டிருக்கிறாள்.

இவ்வளவு பாராட்டு வாங்கிய ஆலையைத் திறக்காமல் இருக்க முடியுமா? பன்னிரண்டாவது மனு போன அன்று இயக்குநரே மரியசுந்தரத்துக்குப் போன் செய்தார். முகம் தெரியாத போனில்கூட அவர் சந்தோஷம் தெரிந்தது.

“உங்க பிரச்சினை தீர்ந்தது! வர்ற வியாழக்கிழமை திறப்பு விழா. அமைச்சர் பட்டன் அமுக்கணும், அமுக்கினா ஏதாவது ஓடணும். உங்க மோட்டாருக்கு லைன் கொடுக்கச் சொல்லிட்டேன். திறந்த ஆலைக்குக் கரண்ட்டை நிறுத்த யாருக்கு மனசு வரும்?”

மரியசுந்தரத்துக்கு உயிர் வந்தது. “நல்லதுங்க ஐயா. ரொம்ப நல்லதுங்க.”

“ஒரு சின்ன விஷயம். பந்தல் போடணுமே. பயிர் நிக்குது. அறுத்துக் கொடுத்துடுங்க.”

பயிரைக் காப்பாற்றக் கரண்ட் வேண்டும். கரண்ட் வர விழா நடக்க வேண்டும். விழா நடக்கப் பயிரை அறுக்க வேண்டும். இதை மரியசுந்தரம் வீட்டில் போய்ச் சொன்னபோது நானும் இருந்தேன். அன்னாமேரி இரண்டாம் முறை சொல்லச் சொல்லிக் கேட்டாள். புரியாமல் இல்லை. காது கேட்டதை மனசு ஏற்கவில்லை.

“யோவ், கண்ண வித்து சித்திரம் வாங்கற கதையா கீதே. பச்சைப் பயிருய்யா! கதிர அமுக்கினா இன்னும் பாலு வருது!”

“பாதி குடுக்கலாம்டி. ரோட்டுப் பக்கம் பாதி. கரண்ட் வந்தா மிச்ச பாதி பொழைக்கும். இல்லன்னா மொத்தமும் போவும்.”

“இத்தினி நாளு பொய் சொன்னவன், அன்னிக்கி மட்டும் நெஜம் சொல்லுவானா?”

புதன்கிழமை காலை அவளே அரிவாளை எடுத்தாள். கழனியில் இறங்கி, நெற்றியில் சிலுவை போட்டுக்கொண்டு, அந்தக் கல்லிலேயே அரிவாளைத் தீட்டி, பச்சைப் பயிரை அறுத்தாள். அறுத்ததெல்லாம் மாட்டுக்குப் போனது. எனக்கு விவசாயம் இல்லை, கழனி இல்லை, இருந்தும் அங்கே நிற்கவே முடியாமல் கடைக்கு வந்துவிட்டேன்.

வியாழக்கிழமை விழாவுக்கு முந்நூறு பிளாஸ்டிக் நாற்காலி போட்டார்கள். பேண்டு செட் வந்தது. பழைய கல்லை எடுத்தார்களா என்றால், எடுத்தார்கள். அதே குழியில் அதைவிட இரண்டு மடங்கு பெரிய கல்வெட்டை நிறுத்தினார்கள். லூர்து பிரகாஷ் காலையிலேயே கம்பத்தில் ஏறி லைனைக் கொடுத்துவிட்டு, யார் கண்ணிலும் படாமல் டீக்கடையில் போய் உட்கார்ந்துகொண்டான். அதை நான் கவனித்திருக்க வேண்டும்.

அமைச்சர் பட்டனை அமுக்கினார். மோட்டார் உறுமியது. குழாயிலிருந்து தண்ணீர் பளீரென்று கொட்டியது.

“ஆலையின் முதல் உற்பத்தி!” என்று கலைவேந்தன் மைக்கில் கத்தினார். அமைச்சர் ஒரு கை அள்ளிப் பார்த்துவிட்டு, “மிகவும் தரமானது. இதைத் தயாரிக்க மூலப்பொருளே தேவையில்லை என்று இயக்குநர் சொன்னார். நம் மண்ணில் எவ்வளவோ வளம் இருக்கிறது. அதை எடுப்பதற்கு இத்தனை நாள் ஆள்தான் இல்லாமல் இருந்தது. இன்று நாங்கள் இருக்கிறோம்” என்றார்.

மரியசுந்தரம் இதில் எதையும் கேட்கவில்லை. தண்ணீரைப் பார்த்ததுமே மண்வெட்டியைத் தூக்கிக்கொண்டு மிச்சப் பாதிக்கு ஓடிவிட்டார். மடையை வெட்டித் திருப்பினார். வெடித்துக் கிடந்த மண் சலசலவென்று குடித்தது. முழங்கால் வரை சேற்றில் நின்று, ஒரு மூலைக்குப் பாய்ந்ததும் அடைத்து அடுத்த மூலைக்குத் திருப்பினார். அழுதுகொண்டே செய்தார். எனக்குத் தெரியும், நான் பக்கத்து வரப்பில் நின்றேன்.

“நிலம் அளித்த உழவர் பெருமகன் மரியசுந்தரம் அவர்களை மேடைக்கு அழைக்கிறோம்” என்று மைக் கூப்பிட்டது.

அவர் திரும்பவில்லை. இரண்டாம் முறை கூப்பிட்டார்கள். மூன்றாம் முறை, இயக்குநர் செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு, மடித்த பொன்னாடையை நெஞ்சோடு அணைத்தபடி வரப்பில் தடுமாறி வந்தார். பின்னால் போட்டோக்காரர்.

“மிஸ்டர் மரியசுந்தரம், அமைச்சர் காத்திருக்கார். ரெண்டே நிமிஷம்.”

மரியசுந்தரம் நிமிர்ந்தார். பொன்னாடையைப் பார்த்தார். சேற்றோடு ஒரு அடி பின்னால் போனார். “வாணாங்க.”

“மரியாதைங்க இது!”

“கும்பிட்டுக் கேக்கறேன், கிட்ட வராதீங்க!” என்று மண்வெட்டியைக் குறுக்கே பிடித்தார். ஒரு துண்டுத் துணிக்கு அப்படிப் பயந்த மனிதரை நான் பார்த்ததில்லை. இயக்குநர் ஒரு அடி வைத்தார், இவர் நெல்லுக்குள் இரண்டு அடி நகர்ந்தார். மேடையில் அமைச்சர் கடிகாரத்தைப் பார்த்தார். கொண்டுவந்த பொன்னாடையை யாருக்காவது போர்த்தாமல் எப்படித் திருப்பிக் கொண்டுபோவது?

அருள்முருகன் வேடிக்கை பார்க்க வந்து தன் வரப்பில் நின்றிருந்தார். வெள்ளை வேட்டி, துவைத்த சட்டை.

“நீங்க யாரு?” என்று கேட்டார் இயக்குநர்.

“பக்கத்துக் கயினிங்க.”

“வாங்க, வாங்க!”

நாலு நாளைக்கு ஒரு முறை தன் தண்ணீரைக் கொடுத்த மனிதர். யார் கூப்பிட்டாலும் போகிற குணம். வேட்டியை இறக்கிவிட்டுக்கொண்டு நடந்தார்.

“வாணாம்டா அருளு! வாங்காதடா! அருளு!” என்று மரியசுந்தரம் சேற்றில் நின்று கத்தினார். நானும் கத்தினேன். சரியாக அப்போது பேண்டு செட்காரர்கள் தொடங்கினார்கள். அருள்முருகன் எங்களைத் திரும்பிப் பார்த்து, சந்தோஷமாகக் கையாட்டினார். பிறகு குனிந்தார். போட்டோக்காரர் மூன்று முறை எடுத்தார்.

அமைச்சரின் கார் ரோட்டில் ஏறியதும் மோட்டார் நின்றது. நாற்பது நிமிடம் ஓடியிருக்கும். தண்ணீர் பாதியில் பாதியைக்கூடத் தொடவில்லை. லூர்து பிரகாஷ் கம்பத்திலிருந்து இறங்கி, “விழாவுக்கு மட்டும்தான் மாமா சொன்னாங்க” என்று தரையைப் பார்த்துச் சொன்னான். பதினான்காவது மனு அன்று சாயங்காலம் எழுதியது.

அடுத்த திங்கட்கிழமை அவன் மறுபடி ஏணியோடு வந்தான். இந்த முறை அருள்முருகன் கம்பத்துக்கு. வரைபடத்தில் அது வளாகத்தின் இரண்டாம் கட்டம். அருள்முருகன் ஒன்றும் புரியாமல் வரப்பில் நின்று, மேலே ஏறுகிறவனையும் மரியசுந்தரத்தையும் மாறி மாறிப் பார்த்தார்.

“இன்னாடா மரியா இது? நான் எதுலயும் கையெழுத்துப் போடலியே?”

மரியசுந்தரம் தன் மிச்சப் பாதியில் ஒரு கதிரை உருவி உள்ளங்கையில் தேய்த்தார். ஊதினார். எல்லாம் பறந்துவிட்டது, உமிதான்.

“அன்னிக்கி குடுத்த சால்வ எங்க வெச்சிருக்க?”

“வூட்ல. பீரோவுல.”

“பத்திரமா வெய்யி அருளு. இனிமே உன் பட்டா அதான்.”